பாட்டில்லாத கொரியப் படம்

வீடியோக் கடையில என்னைப்போல நிண்டு வாய் நொந்தவைக்குத் தெரியும்: எங்கட சனம் படம் எடுக்க வாறேல்லை, கதை கேக்க வாறது.

என்ர தட்டு

டிவிடி வந்த புதுசு. வில்லரே எண்ட பிரெஞ்சு கதைக்கிற ஏரியாவில ஒரு தமிழ்க் கடையில கவுண்டரில நிண்டனான். மூலையில ஒரு தட்டு, நான் ஆசைப்பட்டு எடுப்பிச்ச வெளிநாட்டுப் படங்களுக்கு. அதில ஒரு கொரியப் படம். பெண்சாதியைக் காணேல்லை எண்டு பொலிசுக்குப் போறவன், தானே கொலை செய்துபோட்டனோ எண்டு தன்னையே சந்தேகப்படுறான். அருமையான படம், ஒரு குருவியும் தொடேல்லை. முதலாளி அண்ணை சொன்னார்: “தங்கச்சி, இந்த மாதம் உது ஓடாட்டி, தட்டைக் கழட்டிப்போட்டு ஊருக்குக் கதைக்கிற ஃபோன் காட் வைக்கப்போறன்.”

பாதிக் கதை

கடைசியில ஆர் சாகிறது, பிள்ளையளோட பாக்கலாமோ, எல்லாம் சொன்னாத்தான் எங்கட கடையில படம் போகும். இதுக்கு மட்டும் நான் பாதியில நிப்பாட்டினன். தேவாலயத்தில பாட்டுப் பாடுற றீற்றா அக்கா கவுண்டரில சாஞ்சு நிண்டு, “பேந்து?” எண்டா. பேந்து நீங்கள்தான் பாக்கவேணும், அதுவும் கீழ பிரெஞ்சு எழுத்துத்தான் ஓடும் எண்டன். அவவுக்கு வந்த கோவம். “இந்தக் குளிருக்குள்ள பிரெஞ்சு வகுப்புக்குச் சும்மாவோ போய்வாறன்? கொண்டா இஞ்சை.”

ஓட்டிப் பாத்தவர்

றீற்றா அக்கா பூசை முடிய எல்லாருக்கும் பாதிக் கதை சொல்லிப்போட்டா. அடுத்ததா வந்தவர் டவுன்டவுனில ரெஸ்ரோரண்ட் ஒண்டில சமைக்கிற செல்வம் அண்ணை. பாட்டு வந்தா ரிமோட்டை அமத்தி ஓட்டுற பழக்கம் எங்கட ஆக்களுக்கு. இதில பாட்டில்லை எண்டு, ஆரும் கதைக்காத இடமெல்லாம் மனிசன் ஓட்டியிருக்கிறார். அங்கதான் கதை முழுக்க நடக்குது. கொலைகாரன் ஆரெண்டு விளங்கேல்லை எண்டு சண்டைக்கு வந்தவரை, ஓட்டாமப் பாருங்கோ எண்டு திருப்பி அனுப்பினன். அடுத்தநாள் வந்தார், குரல் இறங்கிப்போச்சு. “பிள்ளை, படம் முடிய, மனிசி பக்கத்தில இருக்கிறாவோ எண்டு ஒருக்காத் தொட்டுப் பாத்தனான்.”

மாதக் கடைசி

அண்டைக்குக் கடை நிறையச் சனம், எல்லாருக்கும் அதே படம்தான் வேணும். தட்டில பாத்தா இல்லை. நான் தேடித் தேடி அழுகிற நிலைக்கு வந்திட்டன். முதலாளி அண்ணை கொஞ்சம் இருமிப்போட்டு, தன்ர ஜக்கெட்டுக்குள்ளயிருந்து அந்த டிவிடியை எடுத்தார். றீற்றா அக்கா விழுந்து விழுந்து சிரிச்சா. எனக்கெண்டால் உலகத்தையே வெண்ட சந்தோசம். முதலாளி அண்ணை சொன்னார்: “தட்டு இருக்கட்டும் தங்கச்சி. நான் இன்னும் முடிக்கேல்லை, ஒருத்தரும் கடைசியைச் சொல்லிப்போடாதேங்கோ.”

அந்தக் கடையில எத்தனையோ வருசம் வாய் ஓயாமக் கதை சொன்னன், வெண்டது வாயை மூடின ஒரேயொரு மாதத்தில.