வில்லெம் பெயர்த்த கற்கள்

என் அக்காள் லீனுவின் கணவர் ஹிந்த்ரெக் எங்கள் ஊர்ப் பள்ளியில் முப்பத்தோரு வருஷம் வாத்தியாராக இருந்தார். எஸ்தோனிய மொழியில் கதைகளும் விவசாயப் புத்தகமும் எழுதினார். வாசகசாலை திறந்தார், பாடகர் குழு அமைத்தார். இன்று அவர் பெயரைச் சொன்னால் ஆண்கள் தொப்பியைக் கழற்றுகிறார்கள். அவர் மட்டும் ஒரு விஷயத்தில் தன்னை மன்னிக்கவே இல்லை. அது நடந்தபோது நான் அவர்கள் வீட்டில்தான் கம்பளி நூற்றுக்கொண்டிருந்தேன்.

வில்லெம் அவருடைய பால்ய நண்பர், பண்ணைப் பிரபுவின் குத்தகைக்காரர். ஆறு வருஷம் கல்லைப் பெயர்த்துப் பெயர்த்து ஒரு மேட்டை வயலாக்கியிருந்தார். அதில் ரை என்ற தானியப் பயிர் ஆளுயரம் எழும்பியதும் பிரபு அதைத் தன் நிலத்தோடு சேர்த்துக்கொண்டு, பதிலுக்கு ஒரு சதுப்பைக் காட்டினார். அத்தானுக்கு ரத்தம் கொதித்தது. தார்த்து நகரத்துச் செய்தித்தாளுக்குக் கடிதம் எழுதினார். கீழே ‘ஓர் ஊர்க்காரன்’ என்று மட்டும் போட்டார்.

எழுதியதை எங்களுக்கு வாசித்துக் காட்டினார். அக்காள் மாவு பிசைந்த கையை நிறுத்தினாள்.

"வயலோரம் பதினோரு கற்குவியல்னு எழுதியிருக்கீங்களே, அதை எடுத்துடுங்க. இந்தச் சுத்துவட்டாரத்துல பதினொண்ணு வேற யார்கிட்ட இருக்கு?"

"நானே நடந்து எண்ணினது லீனு. அதை எடுத்துட்டா வெறும் புலம்பல்தான் மிஞ்சும்."

"புலம்பினா புலம்பிட்டுப் போகுது."

அவர் எடுக்கவில்லை. கடிதம் செய்தித்தாளில் வந்தது. வில்யாண்டி நகரம் வரை அதைப் பற்றிப் பேசினார்கள்.

அடுத்த ஞாயிறு, தேவாலயம் விட்டதும் பண்ணைக் காரியஸ்தர் வில்லெமை எல்லார் முன்னாலும் நிறுத்தினார். "என்ன வில்லெம், பேப்பர்ல பேர் வாங்கிட்டியே! நானும் போய் எண்ணிப் பார்த்தேன். பதினொண்ணு, சரியாத்தான் இருக்கு." சிலர் சிரித்தார்கள். வில்லெம் தன் காலணியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

குத்தகை புதுப்பிக்கப்படவில்லை. ஏப்ரலில் வரும் புனித ஜார்ஜ் நாளுக்குள் வீட்டைக் காலி செய்ய வேண்டும்.

அத்தான் பண்ணை மாளிகைக்கு ஓடினார். நான்தான் எழுதினேன், என்னைத் தண்டியுங்கள் என்றாராம். காரியஸ்தர் புகைக்குழாயைத் தட்டிக்கொண்டே சொன்னாராம்: "கடுதாசியில உன் பேரு இருக்கா வாத்தியாரே? இல்லையே. கல்லுதான் இருக்கு. கல்லு யாருதுன்னு எனக்குத் தெரியும்."

அந்த நாள், ஏப்ரல் இருபத்துமூன்றாம் தேதி, குளிர் இன்னும் விடவில்லை. வண்டியில் படுக்கை, மாவுத்தொட்டி, ஒரு பெட்டி. தூரத்தில், ரஷ்யாவின் சமாராவில் நிலம் கிடைக்கிறது என்று புறப்பட்டார்கள். அத்தான் பெட்டியைத் தூக்கக் கை கொடுத்தார். வில்லெம் சம்மதித்தார், அவர் மனைவி ரேத் விடவில்லை.

"வேணாம் வாத்தியாரே. உங்களுக்கு இடுப்புப் புடிச்சுக்கும்."

"ரேத், நான் நெனைக்கவே இல்ல..."

"உங்க பேரை மறைக்கணும்னு நெனைச்சீங்கல்ல? எங்க கல்லையும் சேத்து மறைச்சிருக்கலாம்."

"விடு ரேத்," என்றார் வில்லெம். "அவன் எழுதினதுல ஒரு பொய் கிடையாது."

அதுதான் அத்தானை அதிகம் அறுத்தது என்று நினைக்கிறேன். வண்டி போன பிறகும் அங்கேயே நின்றார். நானும் அக்காளும் போய்க் கூட்டிவந்தோம். அன்று அவர் பார்லிக் கஞ்சியைத் தொடவில்லை.

பதினெட்டு வருஷம் கழித்து அத்தானின் எழுத்துகளைத் தொகுத்துப் புத்தகமாக்கப் பதிப்பாளர்கள் வந்தார்கள். அந்தக் கடிதம்தான் முதலில் வர வேண்டும் என்றார்கள். அத்தான் அதற்குத் தன் பெயரிட்டு ஒரு முன்னுரை எழுதினார். வில்லெம் என்ன இழந்தார், யாரால் இழந்தார், எல்லாம் அதில் இருந்தது. இந்தத் தடவை அனுமதி கேட்டு சமாராவுக்கு எழுதிவிட்டுக் காத்திருந்தார்.

ஏழு மாதம் கழித்து ரேத்திடமிருந்து பதில் வந்தது. ‘அவர் போய்ச் சேர்ந்து ரெண்டு குளிர்காலம் ஆச்சு. என்ன வேணும்னாலும் போட்டுக்கோங்க. எங்ககிட்டேர்ந்து புடுங்க இனி ஒண்ணுமில்ல.’

அத்தான் அதை இரண்டு முறை வாசித்தார். முன்னுரையை அச்சுக்குக் கொடுக்கவில்லை. அந்தச் செய்தித்தாள் கடிதத்தையும் எடுத்துவிடச் சொன்னார். புத்தகம் அவை இல்லாமலே வந்தது, நன்றாக விற்றது. முன்னுரையையாவது போட்டிருக்கலாம் என்று அக்காள் இன்றைக்கும் சொல்கிறாள். எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.