ஈவாஞ்சலின் டீச்சரின் ரஷ்ய மொழி

தூத்துக்குடி மில்லர்புரத்தில் இருக்கும் ஈவாஞ்சலின் டீச்சரை அவரிடம் படித்த பிள்ளைகள் இன்றைக்கும் 'ஜார் டீச்சர்' என்றுதான் சொல்வார்கள். சாத்தான்குளத்தில் ஒரு தலைமையாசிரியருக்கு மகளாகப் பிறந்தவர். எண்பதுகளின் நடுவில் உதவித்தொகை கிடைத்து, ரஷ்ய மொழி படிக்க லெனின்கிராடுக்குப் போனார். தொண்ணூற்றொன்றில் படிப்பு முடிந்து ஊர் திரும்பினார். அந்த வருஷமே லெனின்கிராட் பீட்டர்ஸ்பர்க் என்ற தன் பழைய ஜார் காலத்துப் பெயருக்கு மாறியது. உதவித்தொகை கொடுத்த தேசமும் இல்லாமல் போனது. தூத்துக்குடியில் ரஷ்ய மொழி யாருக்கு வேண்டும்? பி.எட். முடித்து ஒரு பள்ளிக்கூடத்தில் சரித்திர டீச்சராகச் சேர்ந்துவிட்டார்.

ரஷ்யப் பாடம் வந்தால் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, ஜார் என்ற ரஷ்ய ராஜாக்களின் கதையைத் தானே சொல்வார். ராஜாவாக இருந்தும் ஹாலந்துக்குப் போய்த் தச்சர்களோடு நின்று கப்பல் கட்டக் கற்றுக்கொண்ட பீட்டர். ஜெர்மனியிலிருந்து வாழவந்து, புருஷனை இறக்கிவிட்டு அரியணை ஏறிய கேத்தரின். பண்ணையடிமைகளை விடுதலை செய்த இரண்டாம் அலெக்சாண்டர். துறைமுகத்துப் பிள்ளைகளுக்குப் புரிகிற மாதிரி, கடல் இல்லாத ராஜ்ஜியத்துக்கு மூச்சு முட்டும், அதனால் பீட்டர் பால்டிக் கடலைப் பிடித்தான், கேத்தரின் கருங்கடலைப் பிடித்தாள் என்பார். கருங்கடல் ஓரத்தை போர்டில் வரைந்து, கேத்தரினின் தளபதி பொத்தெம்கின் கப்பல் கட்டுவதற்காக எழுப்பிய கெர்சன் நகரத்துக்கு ஒரு புள்ளி வைப்பார். அவன் அங்கேயே ஒரு தேவாலயத்தில் அடக்கமானான் என்பதையும் சொல்லாமல் விடமாட்டார்.

பிற்பாடு கூடங்குளத்துக்கு வேண்டிய இயந்திரங்கள் துறைமுகத்தில் இறங்கத் தொடங்கின. கூடவே ரஷ்ய இன்ஜினியர்கள் வந்தார்கள். மொழிபெயர்க்க டீச்சரைக் கூப்பிட்டார்கள். அசல் பீட்டர்ஸ்பர்க்காரி மாதிரியே பேசுகிறீர்கள் என்று அவர்கள் சொன்னதை டீச்சர் வீட்டுக்கு வந்து கணவர் ஜேசுபாதத்திடம் இரண்டு தடவை சொன்னார்.

ரஷ்யா உக்ரைன்மேல் படையெடுத்தபோது டீச்சருக்கு வருத்தம்தான். ஆனாலும் அண்ணன் தம்பி சண்டை மாதிரி, சீக்கிரம் முடிந்துவிடும் என்றார். கெர்சனைப் பிடித்த ரஷ்யப் படை அதைவிட்டு விலகும்போது பொத்தெம்கினின் எலும்புகளைத் தேவாலயத்திலிருந்து எடுத்துப் போனதாகச் செய்தி வந்தது. எலும்பாவது பத்திரமாகப் போய்ச் சேர்ந்ததே என்று டீச்சர் நிம்மதிப்பட்டார். ஜேசுபாதம் பேப்பரிலிருந்து தலையைத் தூக்கி அவரைப் பார்த்தார்.

போன வருஷம் ஆடிக் காற்று வீசிக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம் ஸ்டெபின் வந்தான். டீச்சரின் பழைய மாணவன். ஒரு கப்பல் ஏஜென்சியில் வேலை. நிலக்கரி ஏற்றி வந்த ஒரு கப்பல் உள்ளே வர முறை கிடைக்காமல் வெளியே நங்கூரம் போட்டிருந்தது. அதில் ஆந்திரிய் என்ற இரண்டாம் இன்ஜினியர் நெஞ்சுவலியில் இறந்துபோனான். உக்ரைன்காரன், சொந்த ஊர் கெர்சன். உடம்பைக் கரைக்குக் கொண்டுவந்து பெரியாஸ்பத்திரிப் பிணவறையில் வைத்திருந்தார்கள். கப்பலில் மற்றவர்கள் எல்லாம் பிலிப்பைன்ஸ்காரர்கள். அவனுக்குத் தாய் ஒருத்திதான். பெயர் ஹலீனா. அவளிடம் இன்னும் யாரும் சொல்லவில்லை.

"அந்த அம்மைக்கு இங்கிலீஷ் தெரியாது, டீச்சர். நீங்கதான் சொல்லணும்" என்றான் ஸ்டெபின்.

டீச்சர் ஜெபம் செய்துவிட்டு, அவன் கொடுத்த நம்பருக்குப் போன் போட்டார். லெனின்கிராடில் படித்த சுத்தமான ரஷ்ய மொழியில் வணக்கம் சொன்னார். எதிர்முனையில் உடனே வைத்துவிட்டார்கள். மறுபடி போட்டு, இந்தியாவிலிருந்து பேசுகிறேன், ஆந்திரியின் கப்பல் நிற்கும் ஊரிலிருந்து, என்று அவசரமாகச் சொன்னார். இந்தத் தடவை ஹலீனா வைக்கவில்லை. டீச்சர் சொல்ல வேண்டியதை மெதுவாகச் சொல்லி முடித்தார்.

அழுகைச் சத்தம் வரும் என்று காத்திருந்தார். வரவில்லை. ஹலீனா ரஷ்ய மொழியில் ஒரே ஒரு வாக்கியம் சொன்னாள்.

"என் மகன் செத்ததை இந்த மொழியிலா நான் கேட்க வேண்டும்?"

அதன்பிறகு அவள் பேசியதெல்லாம் உக்ரைன் மொழி. அது ரஷ்ய மொழியின் கிராமத்துக் கொச்சைதான் என்று லெனின்கிராடில் ஒரு பேராசிரியர் சொல்லியிருந்தார். டீச்சரும் அதை நம்பியிருந்தார். இப்போது பாதிதான் பிடிபட்டது. ஆற்றின் அக்கரையில் ரஷ்யப் படை, அங்கிருந்து குண்டு விழுகிறது, ட்ரோன் ஆளைத் தேடி வருகிறது, நிலவறையில்தான் படுக்கை. மகனை எரிக்கக் கூடாது, வீட்டுக்கு அனுப்ப வேண்டும். கடைசியாக ஒரு வார்த்தையை அழுத்திச் சொன்னாள்: நெதீல்யா. ரஷ்ய மொழியில் நெதேல்யா என்றால் ஒரு வாரம். ஒரு வாரம் கழித்துக் கூப்பிடச் சொல்கிறாள் என்று எடுத்துக்கொண்டு, டீச்சர் சரி என்றார். ஸ்டெபினிடமும் அப்படியே சொன்னார்.

அந்த வாரம் முழுக்க டீச்சர் ஓடினார். ஏஜென்சியில் உட்கார்ந்தார், தூதரகத்துக்குப் போன் போட்டார். உக்ரைனில் விமானமே இறங்குவதில்லை, போலந்து வரைக்கும் கொண்டுபோகலாம், அங்கிருந்து ரோடு வழிதான். கெர்சனுக்குள் வண்டி போக யாரும் பொறுப்பேற்கமாட்டார்கள் என்று எல்லாரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். எரித்துச் சாம்பலை அனுப்பிவிடலாம் என்று கப்பல் கம்பெனி சொன்னது. தாய் எரிக்கக் கூடாது என்கிறாள் என்று டீச்சர் மன்றாடினார்.

"இருநூறு வருஷத்துக்கு முன்னால செத்தவன் எலும்பக் கொண்டுபோவ ஆள் இருந்துச்சு" என்றார் ஜேசுபாதம், சோற்றைப் பிசைந்துகொண்டே. டீச்சர் எழுந்து போய்விட்டார்.

வாரம் கழித்துக் கூப்பிட்டால் ஹலீனா எடுக்கவில்லை. மறுநாளும் எடுக்கவில்லை. நாலாம் நாள் போலந்திலிருந்து ஒரு பெண் ஸ்டெபினைக் கூப்பிட்டாள். ஹலீனாவின் அக்கா மகள், இங்கிலீஷ் தெரிந்தவள். இனிமேல் எல்லாவற்றையும் தன்னிடம் பேசச் சொன்னாள். டீச்சர் போனை வாங்கி, தன்னால் ஏதாவது பிழை வந்ததா என்று கேட்டார்.

பிழைதான். உக்ரைன் மொழியில் நெதீல்யா என்றால் ஞாயிற்றுக்கிழமை. ஞாயிற்றுக்கிழமை கூப்பிடுங்கள், மகனை எப்படி அனுப்புவது என்று பேசுவோம் என்று ஹலீனா சொல்லியிருக்கிறாள். நிலவறையில் சிக்னல் கிடைக்காது. அந்த ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே அவள் மேலே ஏறி, கண்ணாடி உடைந்த மாடிப்படி ஜன்னலுக்குப் பக்கத்தில் இருட்டும்வரை உட்கார்ந்திருந்தாளாம். போன் வரவில்லை. அவர்கள் என் மகனைத் தூக்கிப் போட்டுவிட்டார்கள் என்று சொல்லிக்கொண்டு இறங்கி வந்தாளாம்.

டீச்சர் திரும்பத் திரும்ப மன்னிப்புக் கேட்டார். தானே பேசிப் புரியவைக்கிறேன் என்றும் சொன்னார்.

"சித்திக்கு இப்போது புரியும்" என்றாள் அந்தப் பெண். "உங்கள்மேல் கோபமும் இல்லை. ஆனால் அந்தக் குரலை இன்னொரு தடவை கேட்க அவளால் முடியாது. தயவுசெய்து கூப்பிடாதீர்கள்."

அதற்குப் பிறகுதான் டீச்சர் தேடித் தேடிப் படித்தார். பண்ணையடிமைகளை விடுவித்தாரே இரண்டாம் அலெக்சாண்டர், அதே ஜார்தான் உக்ரைன் மொழியில் புத்தகம் அச்சடிக்கக் கூடாது என்று ஆணை போட்டவர். டீச்சர் முப்பது வருஷம் அவரை விடுதலை ஜார் என்று சொல்லிக்கொடுத்திருக்கிறார். இந்த ஆணையை டீச்சருக்கு யாரும் சொல்லித்தரவில்லை, டீச்சரும் கேட்டதில்லை.

உடம்பை எரிக்காமல் அனுப்பக் கம்பெனி கடைசியில் ஒத்துக்கொண்டது. அந்தப் பெண் இங்கிலீஷில் பேசிப் பேசி வாங்கிய சம்மதம் அது. பெட்டியை வண்டியில் ஏற்றிய அன்றைக்கு டீச்சர் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார். பக்கத்தில் போய் ஏதாவது சொல்ல நினைத்தார். எந்த மொழியில் சொல்வது என்று தெரியவில்லை. வண்டி மதுரை ரோட்டில் திரும்பியதும் ஸ்டெபின் அவரை பைக்கில் வீட்டில் கொண்டுவந்து விட்டான்.

மூன்று வாரம் கழித்து அவன் போனில் விவரம் சொன்னான். பெட்டி போலந்து வழியாக மிக்கொலாயிவ் வரைக்கும் போயிருக்கிறது. கெர்சனுக்குப் பக்கத்து ஊர். அதற்கு மேல் டிரைவர் மறுத்துவிட்டான். அன்றைக்கு ரோடு மூடியிருந்ததால் ஹலீனாவாலும் வர முடியவில்லை. முன்பின் தெரியாத நாலு பேர் மிக்கொலாயிவிலேயே அடக்கம் பண்ணியிருக்கிறார்கள். வீடியோவில் தாய்க்குக் காட்டினார்களாம். பாதியில் லைன் அறுந்துவிட்டது.

டீச்சர் போனைக் கையில் வைத்துக்கொண்டே நின்றார். ஹலீனாவின் நம்பர் அதில்தான் இருந்தது. அழிக்கவும் மனம் வரவில்லை, கூப்பிடவும் வழியில்லை. ஜேசுபாதம் வந்து, "என்னளா, என்ன சொன்னான்?" என்று கேட்டார். டீச்சர் போனை மேஜைமேல் கவிழ்த்து வைத்துவிட்டு, சமையலறைப் பக்கம் நடந்தார்.