போதகர் கைகாட்டிய இடம்

சூளகிரிப் பக்கத்தில் எங்கள் மெதடிஸ்டு போதகரைப் பற்றிக் கதைகள் பெருகிவிட்டன. விரைந்து வந்த லாரியை அவர் ஒற்றைக் கையால் நிறுத்தினார் என்பது அவற்றுள் ஒன்று. நான் கண்டவற்றையும், உடனிருந்தோரிடம் கேட்டு உறுதிசெய்துகொண்டவற்றையும் மட்டுமே இங்கே எழுதுகிறேன். இல்லாத அற்புதத்தைச் சேர்த்தால் அவர் உண்மையில் செய்தது மறைந்துபோகும்.

அவர் சபைக்குப் போதகர். சபை நடத்திய பள்ளிக்குத் தாளாளர். ஊர் நலச் சங்கத்துக்கும் தலைவர். ஞாயிறு காலை கன்னடத்திலும் பின்னர் தமிழிலும் ஆராதனை நடத்துவார். தொழிற்சாலைகளில் வேலை செய்த பெண்கள் பத்தாம் வகுப்புத் தேர்வைத் தனித்தேர்வர்களாக எழுதுவதற்காகப் பள்ளியில் மாலை வகுப்பு தொடங்கினார். அதில் நான் தமிழ் கற்பித்தேன்.

வகுப்பு முடிந்ததும் அப்பெண்கள், கதவடைக்கும் முன் ஓசூரிலுள்ள தங்கள் விடுதிக்குப் போய்ச் சேர வேண்டும். பள்ளியருகே பேருந்து நிறுத்தம் இல்லை. ஆகவே போதகர் டார்ச் விளக்குடன் நெடுஞ்சாலை ஓரம் நின்று கைகாட்டுவார். ஓட்டுநர்கள் அவருக்காக மட்டும் நிறுத்தினார்கள். நான் கைகாட்டிப் பார்த்திருக்கிறேன். ஒரு வண்டியும் நின்றதில்லை.

மெதடிஸ்டு போதகர்கள் ஓரிடத்தில் நிலைத்திருப்பதில்லை. ஆண்டு மாநாட்டில் பேராயர் ஒவ்வொருவர் பெயரையும், அவர் செல்லவேண்டிய ஊரையும் வாசிப்பார். வாசித்த இடத்துக்குப் போவதே முறை. அவ்வாண்டு எங்கள் போதகருக்கு வேறோர் ஊர் வாசிக்கப்பட்டது.

கல்லாவியிலிருந்து வந்து வேலை பார்த்த மாணவி ஒருத்தி அழுதுவிட்டாள். "அவரு போய்ட்டா பஸ் நிக்காது சார். பஸ் நிக்கலன்னா நான் கிளாசுக்கு எப்டி வர்றது? பரீட்சை அவ்ளோதான்."

சபையைச் சாராத ஊர்க்காரர்களுக்கு இடமாற்றம் என்றால் அது அரசாங்கத்தின் செயல். "கலெக்டர்கிட்ட மனு குடுப்போம்," என்றார் தக்காளி பயிரிடும் விவசாயி ஒருவர். மாற்றியவர் பெங்களூரில் இருக்கும் பேராயர் என்று விளக்கினேன்.

"அவரு பெங்களூர்ல இருந்தா என்னா சார்? போதகர் இருக்கறது நம்ம ஜில்லாவுல. அப்ப கலெக்டருதான்."

போதகரை எங்களிடமே விட்டுவைக்கும்படி மன்றாடி மனுவை நான் எழுதினேன். வாசித்துக் காட்டியபோது, "இது கலெக்டருக்கா சார், சாமிக்கா?" என்று கேட்டாள் அந்த மாணவி.

திங்கட்கிழமைக் குறைதீர்க்கும் கூட்டத்துக்கு வேன் பிடித்துக் கிருஷ்ணகிரி சென்றோம். எப்படியோ செய்தியறிந்த போதகர் ஸ்கூட்டரில் வந்து சேர்ந்தார். தலைக்கவசத்தைக் கழற்றாமலே மனுவைப் படித்தார்.

"என்ன மாத்தறதும் வெச்சுக்கறதும் கலெக்டர் வேலை இல்லீங்க."

"அப்ப இத்தன பேரு வந்தது வீணாய்யா?" என்றார் விவசாயி.

"ஏன் வீணு? என்ன விட்டுடுங்க. அங்க ஒரு ஸ்டாப் வேணும்னு கேளுங்க."

"நீங்களே கேளுங்கய்யா," என்றாள் மாணவி. "உங்களுக்குன்னா குடுப்பாங்க."

"எனக்குன்னு குடுத்தா என்னோடயே போயிடும்மா. நீ கேளு."

அங்கேயே வேறொரு தாளில் இரண்டு வரி எழுதிக் கொடுத்தேன். ஆட்சியர் முன் நின்று அவள்தான் பேசினாள். தொடக்கத்தில் குரல் நடுங்கியது. விடுதிக் கதவைப் பற்றிச் சொல்லும்போது நடுக்கம் நின்றுவிட்டது. போதகர் கூட்டத்தின் கடைசியில், தலைக்கவசத்தை மார்போடு அணைத்து நின்றிருந்தார். அவரிடம் எத்தனையோ பிரசங்கங்கள் கேட்டிருக்கிறேன். அவற்றுள் எதற்கும் என் உடல் சிலிர்த்ததில்லை. அன்று சிலிர்த்தது.

அவர் புறப்படுவதற்குச் சில நாள் முன்பு நிறுத்தப் பலகை நடப்பட்டது. அன்று மாலையும் சாலைக்கு வந்தார். விளக்கைப் போடவில்லை, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு மாணவிகளுக்குப் பின்னே நின்றார். ஆட்சியரிடம் பேசிய மாணவி கைகாட்டினாள். பேருந்து நின்றது.

அவள் தேர்வெழுதித் தேறினாள். மதிப்பெண் சான்றிதழை நான் பார்த்தேன். எங்கள் ஊரைவிட்டுப் போக அவர் விரும்பினாரா, இருக்க விரும்பினாரா என்பது எனக்குத் தெரியாது. அவர் சொன்னதில்லை, நான் கேட்டதுமில்லை.