கக்கோவுக்குச் சாப்பாடு

யப்பானிய அரசவை மேளம் ஒன்று, வெள்ளவத்தையில் எங்கள் வீட்டு முன்னறையில், ஒரு மத்தியானம் முழுக்கத் தங்கியிருந்தது. சொன்னால் ஒருவரும் நம்புவதில்லை. சில நாட்களில் எனக்கே சந்தேகம் வரும். ஆனால் கடற்கரை ரயில் போனபோது அந்த மேளம் தன்பாட்டில் மெல்ல முனகியது இன்னும் என் காதில் இருக்கிறது. காது பொய் சொல்லாது.

அப்போது எனக்கு எட்டு வயது. அம்மாவின் தம்பியான மாமா எங்களோடுதான் இருந்தார். பகலில் கொட்டாஞ்சேனையில் ஓர் இரும்புக்கடையில் வேலை. பின்னேரங்களில் நடன வகுப்புகளுக்கு மிருதங்கம் வாசிப்பார். மேடையின் ஓரத்தில், ஆடுகிற பிள்ளைகளுக்கு அப்பால், பாதி முகம் தெரிய இருந்தே பழகியவர். அந்த முறை மட்டும், யப்பானிலிருந்து வந்திருந்த அரசவை இசைக்குழுவின் மேளமும் எங்கள் மிருதங்கமும் மேடை நடுவில் பத்து நிமிடம் பேசிக்கொள்ளட்டும் என்று யாரோ யோசனை சொல்ல, அழைப்பிதழில் அவர் பெயர் அச்சாகிவிட்டது. அம்மா அதைச் சாமிப்படத்துக்குப் பக்கத்தில் வைத்தார். மாமா பட்டில் சட்டை தைப்பித்தார்.

கச்சேரி நாள் காலை, மாமாவோடு ஒத்திகை பார்க்க, மேளத்தோடு ஒரு யப்பானிய அம்மா எங்கள் வீட்டுக்கு வந்தார். மேளத்தின் பெயர் கக்கோ என்றதும் என் அண்ணா சிரித்து, அம்மாவிடம் குட்டு வாங்கினான். சின்ன மேளம். மரத்தாங்கியில் படுத்திருந்தது. இரண்டு பக்கமும் தோல், குறுக்கும் நெடுக்கும் கயிறு. மெல்லிய குச்சிகளால் ஒரு தட்டு. பிறகு நீண்ட மௌனம். இன்னொரு தட்டு. பிறகு நெருங்கி, இன்னும் நெருங்கி, ஓய்ந்த மழையின் சொட்டுகள் ஒன்றையொன்று துரத்திப் பிடித்துத் திரும்ப மழையாகிவிடுவதுபோல. முழுக் குழுவும் இந்தச் சின்ன மேளத்தின் சொல் கேட்டுத்தான் நடக்குமாம். மாமாவுக்கும் அவருக்கும் பொதுவாக இருந்தது ஒரு கைப்பிடி ஆங்கிலம். அதுவே தேவைக்கு மிஞ்சியது. மாமா அன்றைக்குச் சிரித்ததைப்போலப் பிறகு சிரித்ததாக எனக்கு ஞாபகமில்லை.

மண்டபம் கூப்பிடு தூரம். நாலு மணிக்கு வந்து எடுப்பதாகச் சொல்லி, மேளத்தை எங்களிடம் விட்டுவிட்டு அவர் போனார். சாப்பாடு முடிந்து பெரியவர்கள் கண்ணயர்ந்தார்கள். நானும் மேளமும் விழித்திருந்தோம்.

அந்த வீட்டில் எனக்கென்று ஓர் உத்தியோகம் இருந்தது: ரவை பிசைவது. மிருதங்கத்தின் இடப்பக்கத் தோலில் ஈர ரவையை அப்பினால்தான் அது அடிவயிற்றிலிருந்து பேசும். அதற்கு எங்கள் வீட்டில் சாப்பாடு என்று பெயர். “பிள்ளை, மேளத்துக்குச் சாப்பாடு குடுத்தாச்சே?” என்று மாமா கேட்பார், நான் உருண்டையோடு ஓடுவேன். கக்கோவின் தோலோ இரண்டு பக்கமும் வெறுமையாகக் கிடந்தது. கடல் தாண்டி வந்த விருந்தாளி. எங்கள் வீட்டில் தபால்காரனைக்கூடச் சாப்பிட்டாயா என்று கேட்பார்கள். இதை ஒருவரும் கேட்கவில்லை.

மாமாவுக்குப் பிசைவதைவிடப் பக்குவமாகப் பிசைந்தேன். இடப்பக்கத்தில் வட்டமாக வைத்து, நாலு விரலாலும் அழுத்தி, அழகு பார்த்தேன்.

நாலு மணிக்குள் கடற்காற்று அதைக் காயவைத்துவிட்டது. யப்பானிய அம்மா மேளத்தைப் பார்த்து வாயைப் பொத்திக்கொண்டார். யார் செய்தது என்று எங்கள் அம்மா அதட்டினார். என் பெயரைச் சொல்லி எல்லோரும் மெச்சப்போகும் அந்தக் கணத்துக்காக நான் தொண்டையைச் செருமினேன். அதற்குள் மாமா குனிந்து பார்த்தார். வெள்ளை வட்டத்தில் என் விரல்கள் நாலும் பதிந்திருந்தன. அவர் தன் பெரிய உள்ளங்கையை அதன்மேல் வைத்து, உதிர உதிரத் தேய்த்தார்.

“நான்தான் அக்கா.”

“உனக்கென்ன விசரே, தம்பி? கேளாமல் ஆற்றையும் சாமானில கை வைக்கிறதே?”

“எங்கட பழக்கத்தில வைச்சிட்டன்.”

அதையே உடைந்த ஆங்கிலத்தில் அந்த அம்மாவிடமும் சொன்னார். அவர் மாமாவின் கையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். ஒட்டியிருந்த மிச்சத்தை நகத்தால் மெல்லச் சுரண்டினார். ஈரம் குடித்த தோல் தொய்ந்திருந்தது. ஒரு தரம் தட்டினார். நனைந்த அட்டைப்பெட்டியின் சத்தம். மேளத்தைத் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு, மாமாவுக்கு முன்னால் இடுப்பு வளையக் குனிந்து வணங்கிவிட்டுப் போனார்.

குழுவினர் அன்றைக்குக் கக்கோ இல்லாமலே ஏதோ சமாளித்து வாசித்தார்கள். மாமாவின் பத்து நிமிடத்தை மட்டும் எடுத்துவிட்டார்கள். பட்டுச்சட்டையோடு அவர் மூன்றாவது வரிசையில் எனக்குப் பக்கத்தில் இருந்தார். விரல்கள் முழங்காலில் சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தன.

என் வேலைக்கு அவர் பெயர் வாங்கிக்கொண்டார். திரும்பி வரும் வழியில் அவரை மறித்தேன்.

“ரவை வைச்சது நான். நீங்கள் ஏன் ‘நான்தான்’ எண்டு சொன்னனீங்கள்?”

“ஓம். நீதான் வைச்சனி. நல்ல வடிவாயும் வைச்சிருந்தனி. ஆருக்கும் சொல்லாதை.”

தெரிந்துகொண்டே செய்திருக்கிறார்! மூன்று நாள் அவரோடு கதைக்கவில்லை. அவர் கொண்டுவந்த டொபியைத் தொடவில்லை. நாலாம் நாள், ஊரார் முன்னால் மானத்தை வாங்கிவிட்டாய் என்று அம்மா திரும்பவும் அவரை ஏசிக்கொண்டிருந்தார். மாமா கதவு நிலையைப் பிடித்தபடி நின்றார். பார்க்கப் பாவமாக இருந்தது. களவெடுத்தவர்தான், ஆனாலும் மாமா அல்லவா. பெரிய மனது பண்ணி, அன்றைக்கு அவரை மன்னித்துவிட்டேன்.