ஸ்டோவ்னரில் நான் தூக்கிய வெறும் கேமரா

காலை ஒன்பது மணிக்கு ஒஸ்லோ மத்திய நிலையத்தருகே, வெஸ்ட்லி போகும் ஐந்தாம் எண் மெட்ரோவில் ஏறினேன். எதிரே இருந்தவரைப் பார்த்துப் புன்னகைத்தேன். அவர் எழுந்து வேறு பெட்டிக்குப் போய்விட்டார். நார்வேயில் இது பகை அல்ல என்கிறது பயணக் கையேடு. கையேட்டை நம்புகிறேன்.

ஸ்டோவ்னரில் இறங்கியதும் ஐம்பது குரோனருக்கு ஒரு காபி. ரூபாயில் மாற்றிப் பார்த்துவிட்டதால், குடித்து முடிக்க நெடுநேரமாயிற்று.

துளசியைப் பற்றி எழுதத்தான் வந்திருந்தேன். யாழ்ப்பாணப் பெற்றோருக்கு ஒஸ்லோவில் பிறந்தவர். அவர் எழுதி இயக்கிய இரண்டு நார்வேஜியப் படங்களும் விழாக்களில் பேசப்பட்டவை. மூன்றாவது படம்தான் முதன்முறையாகத் தமிழர்களைப் பற்றியது. அதன் முக்கியக் காட்சியை ஸ்டோவ்னரில் ஒரு மண்டபத்தில் எடுத்துக்கொண்டிருந்தார். மகளின் பூப்புனித விழா, யாழ்ப்பாணத்தார் பேச்சில் சாமத்திய வீடு. கூட்டத்தின் நடுவே தாய் எழுந்து, யாரும் கவனிக்காமல் வெளியே போகிறாள். அவ்வளவுதான். மூன்று மணிக்குள் எடுக்காவிட்டால் மறுபடி மண்டபம் கிடையாது, காட்சியே போய்விடும்.

துளசி சொன்னார்: "பத்தொன்பது வயசிலை, பக்கத்திலை திராமன் எண்ட ஊரிலை ஒரு சாமத்திய வீட்டுக்கு வீடியோ எடுத்தனான், அண்ணை. தாய் பின் படிக்கட்டிலை தனிய இருந்தவ. மேடையை விட்டுட்டு அவவைத்தான் எடுத்தனான்."

"பிறகு?"

"பிறகென்ன, வீடியோ எடுக்க ஒருத்தரும் கூப்பிடேல்லை. அதாலைதான் சினிமாவுக்கு வந்தனான்."

சிக்கல் கூட்டத்தில் இருந்தது. நடிக்க வந்த அறுபது பேரும் உள்ளூர்த் தமிழர்கள், விழா வீடியோக்களில் ஊறியவர்கள். கேமரா திரும்பியதும் பேச்சை நிறுத்தி, சேலையைச் சரிசெய்து, பல் தெரியச் சிரித்தார்கள். முன்வரிசைப் புஷ்பா அக்கா பாயசக் கிண்ணத்தையும் தூக்கிக் காட்டினார்.

"அக்கா, கமெராவைப் பாக்க வேண்டாம் எண்டெல்லோ சொன்னனான்?"

"அது மரியாதையில்லைப் பிள்ளை. எடுக்கிற ஆள் என்ன நினைக்கும்?"

எடுக்கிற ஆளான நார்வேஜியர் எதுவும் நினைத்ததாகத் தெரியவில்லை. கடிகாரத்தை மட்டும் பார்த்தார்.

இரண்டு மணியும் தாண்டியது. காட்சியில் சும்மா தெரிவதற்காக வைத்திருந்த விழா வீடியோ கேமராவைத் துளசி எடுத்து என் தோளில் வைத்தார்.

"இதிலை கார்ட் இல்லை. லைட் மட்டும் எரியும். மேடைக்குப் பக்கத்திலை நிண்டு எல்லாரையும் எடுக்கிற மாதிரி நடியுங்கோ, அண்ணை."

"எனக்கு நடிக்கத் தெரியாதே."

"தெரிஞ்சா நல்லாயிராது."

விளக்கைப் போட்டேன். அறுபது முகங்களும் என் பக்கம் மலர்ந்தன. என் புத்தக வெளியீட்டுக்கு வந்தவர்களே பதினோரு பேர், அதில் நால்வர் சமையல்காரர்கள். இங்கே அத்தனை பேரும் என்னைப் பார்த்திருக்க, தாயாக நடித்தவர் எழுந்து, முதுகுகளின் ஊடே நடந்து, கதவைத் திறந்து போனார். நார்வேஜியரின் கேமரா ஓசையில்லாமல் அவர் பின்னாலேயே போனது. ஒருவரும் திரும்பவில்லை.

துளசி அதைச் சின்னத் திரையில் ஓடவிட்டுப் பார்த்தார். இரண்டாம் முறை பார்க்கையில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நார்வேஜியர் ஒரு தடவை தலையசைத்தார். இங்கே அது வாணவேடிக்கைக்குச் சமம்.

புஷ்பா அக்கா என்னிடம் வந்தார். "தம்பி, வீடியோ எப்ப தருவீங்கள்?"

துளசி முந்திக்கொண்டார். "படமா வரும், அக்கா. தியேட்டரிலை பாருங்கோ."

"அதிலை நான் இருப்பனோ?"

"முதுகு இருக்கும்."

அக்கா யோசித்தார். "முதல்லையே சொல்லியிருந்தா கொண்டையை வடிவாக் கட்டியிருப்பனே."

சென்னை திரும்பியதும் என் கல்யாண வீடியோவைத் தேடிப் போட்டேன். மேடையை விட்டுவிட்டுக் கூட்டத்தையே பார்த்தேன். தாலி கட்டியதும் அம்மாவைக் காணோம். பந்தியில்தான் மறுபடி தெரிகிறார். இடையில் எங்கே போனார்? மூன்று மணி நேர வீடியோவில் அந்தப் பக்கம் யாருமே திரும்பவில்லை. நானும்தான். கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருக்கிறேன்.