அங்கோரில் ஆட்டிய துண்டு

ரங்கூனில் ஒரு பெருமாள் கோயில் மண்டபத்தில், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நாலு மணிக்கு, எங்கள் வக்கீல் ஐயா பேசுவதாக நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். கம்போஜ நாட்டில் அங்கோர் என்னும் இடத்தில் பழைய கெமர் ராஜாக்கள் கட்டிய கோயில்களை அவர் நேரில் போய்ப் பார்த்துவிட்டு வந்திருந்தார். அதைப் பற்றிய பேச்சு. நோட்டீஸில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பியூன் பேரை யார் நோட்டீஸில் போடுவார்கள்? ஆனால் அவர் எனக்கு ஒரு வாக்குக் கொடுத்திருந்தார். "ரங்கூன்ல இதைப் பத்திப் பேசறப்போ ஒன்னைப் பக்கத்துல நிக்க வச்சுத்தான் பேசுவேன்" என்று. அதை நம்பித்தான் நான் சட்டை துவைத்துப் போட்டேன்.

ரங்கூன் கியாக்டடா பேட்டையில் அவர் ஆபீசில் நான் டவாலி போட்ட பியூன். கேஸ் கட்டுகளைக் கோர்ட்டுக்குத் தூக்கிப்போவேன். கட்டை அவர் என் கையில் தரமாட்டார். மேசை ஓரத்தில் வைப்பார், நான் எடுத்துக்கொள்வேன். நான் சேரியில் பிறந்தவன். இதை ஒளித்துவைத்து எழுதுவதில் எனக்கு ஒன்றும் ஆகப்போவதில்லை. ரங்கூனில் பர்மாக்காரர்களின் பயாவுக்கு, அதுதான் பகோடாவுக்கு, நான் எத்தனையோ தடவை போயிருக்கிறேன். செருப்பைக் கழற்று என்பார்கள். அதோடு சரி. நம்மவர் கோயில் வாசலில்தான் செருப்பைக் கழற்றிய பிறகும் கேள்வி முடியாது.

அங்கோருக்கு அவர் என்னைக் கூட்டிப்போனது பிரியத்தால் இல்லை. சின்ன வயதில் நான் சைகோன் துறைமுகத்தில் ஆறு வருஷம் மூட்டை தூக்கியவன். பிரெஞ்சு பேசுவேன், நல்லதும் கெட்டதுமாக. அவருக்கு இங்கிலீஷ்தான் தெரியும். அங்கே அது செல்லாது.

அந்த வருஷம் அவருடைய சம்சாரம் செத்துப்போயிருந்தார். பெருமாளைத் தவிர வேறு சாமியைக் கும்பிடாத அம்மா. உலகத்திலேயே பெரிய பெருமாள் கோயில் கடலுக்கு அந்தப்பக்கம் இருக்கிறது என்று ஐயா ஏதோ புஸ்தகத்தில் படித்துச் சொன்னாராம். அந்த அம்மா படுக்கையில் கிடந்தபடி, அதை ஒருதரம் சேவிக்கவேண்டும் என்று கேட்டுக்கொண்டே செத்தாராம். அதனால் அந்த அம்மாவின் துளசிமணி மாலையை ஒரு பட்டுத்துணியில் முடிந்து எடுத்துக்கொண்டு ஐயா கப்பல் ஏறினார். பினாங்கு, சிங்கப்பூர், சைகோன், அப்புறம் மோட்டாரில் இரண்டு நாள். கூட நான்.

கோயிலுக்கு எதிரே வெள்ளைக்காரர்கள் தங்குகிற பங்களாவில் வழிகாட்டி ஒருவனைப் பிடித்துக்கொடுத்தார்கள். கெமர் ஆள். நாற்பது வயது இருக்கும். தலையில் கித்தான் தொப்பி, கால் வெறுங்கால். அவன் பிரெஞ்சில் சொல்வான், நான் தமிழில் சொல்வேன், ஐயா நோட்டில் எழுதிக்கொள்வார். மூன்று நாள் இப்படியே போயிற்று. அகழியைத் தாண்டி நீளமாக ஒரு கல்பாதை, இரண்டு பக்கமும் படமெடுத்த கல்நாகம். உள்ளே சுவர் முழுக்கச் சிற்பம். தேவரும் அசுரரும் பாம்பைப் பிடித்து இழுக்கிறார்கள். "பாற்கடல், பாற்கடல்" என்று ஐயா குழந்தை மாதிரி சொல்லிக்கொண்டே அந்தச் சுவர் முடிகிற வரைக்கும் நடந்தார். கோபுரமெல்லாம் முகம் முகமாக இருக்கிற இன்னொரு கோயிலில், ஒரு முழுப்பன்றியை அண்டாவில் இறக்குகிற மாதிரி செதுக்கியிருந்தார்கள். அதைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். நான் அங்கேதான் கொஞ்சநேரம் கூடுதலாக நின்றேன். அடுப்பு ஊதுகிறவன், சோறு சுமக்கிறவன் எல்லாரும் இருந்தார்கள்.

வழிகாட்டி ஒருசமயம் என்னிடம் சொன்னான்: "இதையெல்லாம் இந்தியாவிலேருந்து வந்தவங்க கட்டினாங்கன்னு சில பேர் சொல்லிட்டுத் திரியறாங்க. ஒன் எசமானும் அதைத்தான் எழுதிக்கிறாரா? எங்க ஆளுங்க கட்டினது. கல்லைத் தூக்கினதும் எங்க ஆளுங்கதான்."

நான் அப்படியே ஐயாவிடம் சொன்னேன்.

"அவன் கெடக்கான்" என்றார் ஐயா. "நம்ம ராஜாக்கள் வந்து காட்டாம இவனுங்களுக்கு எப்படித் தெரியும்? அதைக் கேளு."

நான் கேட்கவில்லை. ஐயாவுக்குச் சந்தோஷம் என்று மட்டும் அவனிடம் சொன்னேன். அவன் என்னை ஒருமாதிரி பார்த்துவிட்டு முன்னால் நடந்தான்.

மூன்றாம் நாள்தான் பெரிய கோயிலின் உச்சிக்குப் போகவேண்டியது. நடுக்கோபுரம் உள்ள மேல்தளத்துக்கு ஒரு படிக்கட்டு. நாற்பது படி இருக்கும். படிக்கட்டு என்று சொல்லக்கூடாது, சுவர் என்று சொல்லவேண்டும். ஒரு படியில் முழுப்பாதம் வைக்க இடமில்லை. ஐயாவுக்கு இரண்டு முட்டியிலும் வாதம், உடம்பும் பெரிது. மூன்றாம் படியில் கால் நடுங்கிப்போய் உட்கார்ந்துவிட்டார். நானும் வழிகாட்டியும் இறக்கிவிட்டோம். அப்போது அவரை நான் தொட்டுத்தான் இறக்கினேன். அதை அவர் பேசவில்லை, நானும் பேசவில்லை.

கீழே கல்லில் உட்கார்ந்து வெகுநேரம் மேலேயே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பட்டுத்துணியை அவிழ்த்தார்.

"நீ போ" என்றார். "இதைப் பெருமாள் பாதத்துல வச்சுடு. தரிசனம் ஆனதும் படிக்கு மேலே வந்து துண்டை ஆட்டு. நான் இங்கேருந்தே விழுந்து சேவிச்சுக்கறேன். அவ சேவிச்ச மாதிரி ஆயிடும்."

நான் இரண்டு கையையும் நீட்டினேன். மாலையை மேலேயிருந்து போட்டார். விரல் படவில்லை. படியிலிருந்து இறக்கும்போது அவர் கக்கத்தில் என் கை இருந்தது.

பக்கவாட்டில் நண்டு மாதிரி ஏறினேன். கருவறைக்கு நாலு திசையிலும் வாசல் இருந்திருக்கிறது. எந்தக் காலத்திலோ அதையெல்லாம் கல்லால் அடைத்து, அந்தக் கல்லில் நின்ற கோலத்தில் புத்தரைச் செதுக்கிவிட்டார்கள். ஒருபக்கம் மட்டும் கல்லை எடுத்துத் திறந்திருந்தது. நான் அந்த வழியாக உள்ளே போனேன். பிறந்ததிலிருந்து எந்தக் கோயிலிலும் கொடிமரத்தைக் கண்ணால் பார்க்காதவன், நேராகக் கருவறைக்குள் காலை வைத்தேன். யாரும் தடுக்கவில்லை. தடுக்க யாருமில்லை. பெருமாளும் இல்லை. வௌவால் நாற்றம், காலடியில் எச்சம், ஒரு உடைந்த கல்பீடம். கொஞ்சநேரம் நின்றேன். எனக்கு அழுகையும் வரவில்லை, ஒன்றும் வரவில்லை. பீடத்தைத் துண்டால் துடைத்து மாலையை அதன்மேல் வைத்தேன். வெளியே வந்து படி உச்சியில் நின்று அதே துண்டை ஆட்டினேன்.

கீழே அந்தப் பெரிய உடம்பு கல்தரையில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தது. எழுந்திருக்கவே இல்லை. வழிகாட்டி தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு ஒதுங்கி நின்றான்.

நான் இறங்கி வந்தபோது முகமெல்லாம் கண்ணீர். "இருக்காரா?" என்று கேட்டார்.

"இருக்காருங்க" என்றேன்.

"கிடந்தா? நின்னா?"

"நின்னுட்டு இருக்காருங்க."

வாசலை அடைத்த கல்லில் புத்தர் நின்றார். அதை மனதில் வைத்துச் சொன்னேன். பொய்தான். அந்த முகத்தைப் பார்த்து வேறு சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அப்போதுதான் ரங்கூனில் என்னைப் பக்கத்தில் நிற்கவைத்துப் பேசுவதாக அவர் சொன்னார். நான் கேட்டு அவர் சொல்லவில்லை. அவராகவே சொன்னார்.

உண்மையை ஒரு ஆளிடம் மட்டும் சொன்னேன். என் வீட்டுக்காரியிடம். அவள் பர்மாக்காரி. க்யிம்யிண்டைங் சந்தையில் ஙப்பி, அதாவது மீனை உப்புப்போட்டு இடித்த விழுது, விற்பவள். தமிழ் பேசுவாள். கூட்டத்துக்கு அவளும் புறப்பட்டாள். தலையில் பூ வைத்து, நல்ல துணி உடுத்தி, புருஷன் மேடையில் நிற்பதைப் பார்க்க ட்ராமில் என்கூட வந்தாள்.

கோயில் வாசலில் இருந்த காவல்காரன் எனக்குப் பழக்கமானவன். கோர்ட் வராந்தாவில் என்னிடம் பீடி வாங்கிக் குடித்தவன். கையைக் குறுக்கே நீட்டினான்.

"என்னண்ணே, ஒனக்குத் தெரியாததா?"

"ஐயா வரச் சொன்னாரு. உள்ளே கேளு."

"கேட்டாச்சு. வெளியிலேயே இருக்கட்டும்னாங்க." பிறகு என் வீட்டுக்காரியைப் பார்த்தான். "அம்மா, நீங்க போங்க. பர்மாக்காரங்களுக்குத் தடையில்லே."

அவளுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் என்னைப் பார்த்தாள். பர்மாக்காரிகள் புருஷனைக் கூப்பிடுகிற மாதிரி என்னைக் கோகோ என்றுதான் கூப்பிடுவாள். "கோகோ, ஙப்பி விக்கிற கை உள்ளே போகலாமாம். கட்டைத் தூக்கற கை போகக்கூடாதா?" என்றாள். காவல்காரன் தரையைப் பார்த்தான். நான் அவளைப் போகச் சொன்னேன். போய் என்ன பேசுகிறார் என்று கேட்டுவா என்றேன். சொல்லியிருக்கக் கூடாது.

ஐயா மோட்டாரில் வந்து இறங்கினார். மாலை போட்டு அழைத்துப்போனார்கள். என்னைத் தாண்டும்போது "கொஞ்சம் இரு" என்றார். முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை.

வாசலிலிருந்தே பேச்சு நன்றாகக் கேட்டது. நன்றாகத்தான் பேசினார். அகழி, நாகம், பாற்கடல், நம் ராஜாக்கள். நான் சொன்ன சொற்கள் அப்படியே அவர் வாயில் வந்தன. வழிகாட்டி சொன்னது மட்டும் வரவில்லை. முடிந்ததும் ஒரு பெரியவர் கேட்டார்: "மூலவரைச் சேவிச்சீங்களா? எந்தக் கோலம்?"

"நின்ற திருக்கோலம்" என்றார் ஐயா. "செங்குத்தா நாற்பது படி. இந்த முட்டியை வச்சுண்டு ஏறிச் சேவிச்சேன்."

பெண்கள் பக்கமிருந்து என் வீட்டுக்காரி குரல் கேட்டது. கத்தவில்லை. சந்தையில் பேரம் பேசுகிற அதே குரல்.

"ஐயா ஏறலே. முட்டி வலி, கீழே உக்காந்தாரு. எங்க வீட்டுக்காரரு ஏறினாரு. உள்ளே சாமி இல்லே, வௌவா இருக்கு. வேணும்னா கேளு. அவரு வாசல்ல நிக்கிறாரு."

யாரோ ஒருவன் சிரித்தான். யாரோ அவனை அதட்டினார்கள். மண்டபத்துத் தலையெல்லாம் வாசல் பக்கம் திரும்பியது. அன்றைக்கு முதல்முறையாக ஐயா என்னைப் பார்த்தார். கோபப்படுவார் என்று தயாராக நின்றேன். கோபம் இல்லை. அங்கே கல்லில் உட்கார்ந்து மேலே பார்த்தாரே, அந்தப் பார்வை. அவர் படி ஏறியதாகச் சொன்னதுதான் பொய். மூலவர் நிற்கிறார் என்பதை அவர் நம்பித்தான் சொன்னார். அந்தப் பொய் என்னுடையது.

யாரோ பஜனையை ஆரம்பித்தார்கள். வீட்டுக்காரி தொன்னையில் புளியோதரை வாங்கிக்கொண்டு வெளியே வந்தாள். எனக்கும் சேர்த்து இரண்டு தொன்னை. ட்ராமில் அவள் தின்றாள். நான் தொடவில்லை. "சோறு என்ன பாவம் பண்ணுச்சு?" என்று என்னுடையதையும் அவளே தின்றுவிட்டாள்.

திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். போகாமல் என்ன செய்வது? டவாலியை மேசைமேல் வீசிவிட்டு வந்தேன் என்று எழுத எனக்கும் ஆசைதான். ஐயா அறைக்குள் கூப்பிட்டு, கதவைச் சாத்தச் சொன்னார்.

"நிஜமா இல்லையா?"

"இல்லீங்க."

"ஏன்டா அன்னிக்குச் சொல்லலே?"

"நீங்க அழுதுட்டு இருந்தீங்க."

மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கவில்லை, கையில் வைத்துக்கொண்டே இருந்தார். "நீ உள்ளே போனியா? கருவறைக்கு உள்ளே?"

"போனேனுங்க."

"மாலை?"

"பீடத்தைத் துடைச்சு அது மேலே வச்சேன். பீடம் ஒடைஞ்சிருந்தது. கீழே விழாத மாதிரி நடுவுல வச்சேன்."

வெளியே ட்ராம் போகிற சத்தம். அது போனதும் கேட்டார்.

"அப்போ நான் விழுந்து சேவிச்சேனே. மேலே யாரு இருந்தா?"

"நான்தானுங்க."

அவர் என்னை வேலையைவிட்டு நீக்குவார், இல்லையென்றால் அடிப்பார் என்று நினைத்தேன். இரண்டும் செய்யவில்லை. அந்தக் கேள்வியையும் மறுபடி கேட்கவில்லை. வாக்குக் கொடுத்தீர்களே என்று நானும் கேட்கவில்லை. கேட்க வேண்டியவன் நான்.   அங்கோரைப் பற்றி அதற்குப் பிறகு அவர் எந்த மேடையிலும் பேசியதாக நான் கேள்விப்படவில்லை. என்னிடம் ஒரே ஒரு தடவை, கொஞ்சநாள் கழித்து, சம்பந்தமில்லாமல் கேட்டார்: "ஒன் கையாலேதானே வச்சே?" ஆமாம் என்றேன். சரி என்றார்.

அன்றைக்கு, அந்தத் திங்கட்கிழமை, கண்ணாடியை மாட்டிக்கொண்டு கோர்ட்டுக்குப் போகவேண்டிய கட்டை எடுத்தார். என்னைப் பார்த்தார். கையை என் பக்கம் கொஞ்சம் நீட்டினார் என்றுதான் எனக்குத் தோன்றியது. நானும் கையை நீட்டினேன். கட்டை மேசை ஓரத்தில் வைத்தார்.