கண்ணாடி இழையை ஒட்ட வந்தவர்

பிள்ளைகளே, போன மாதம் நம் சேலையூர் வீட்டு இன்டர்நெட் கேபிள் அறுந்தபோது அதை ஒட்ட ஒருவர் வந்தார். ஒல்லியான ஆள், முழுக்கைச் சட்டை. முடி போன்ற கண்ணாடி இழையை வெட்டி, இரண்டு முனைகளையும் ஒரு சின்ன மெஷினில் வைத்து உருக்கி ஒட்டினார். வெட்டிய துணுக்குகளை டேப்பில் ஒற்றி எடுத்தார். பிறகும் டார்ச் அடித்துத் தரையெல்லாம் தேடினார். நான் பொறுமை இழந்துவிட்டேன்.

"விடுங்கண்ணா, நான் பெருக்கிக்கிறேன்."

"பெருக்குனா போவாது சார், கண்ணுக்கே தெரியாது. ஒருநாளு ஒரு துணுக்கு என் சட்டையில ஒட்டிக்கினு வூட்டுக்கு வந்துச்சு. பொண்ணு ஓடியாந்து கட்டிக்கிச்சு, அது கண்ணுல ஏறிடுச்சு. அந்தக் கண்ணு இப்போ தெரியாது."

"இப்போ ஜாக்கிரதையா இருக்கீங்களே" என்றேன்.

"வாசல்லயே சட்டைய மாத்தி, குளிச்சிட்டுதான் கிட்ட போறேன். கிட்ட வராத, கிட்ட வராதன்னு தெனம் கத்துனேன். இப்போ குளிச்சிட்டு கூப்ட்டாகூட வர்றதில்ல சார்."

ஒட்டிய இழையில் மீட்டரை வைத்து, அதன் வழியே வெளிச்சம் சரியாக வருகிறது என்று காட்டிவிட்டுப் போய்விட்டார்.

சாயங்காலம் நான் வந்ததும் நீங்கள் ஓடிவந்து என் காலைக் கட்டிக்கொள்கிறீர்கள். முன்பெல்லாம், செருப்பையாவது கழற்ற விடுங்கள் என்று கத்துவேன். இப்போது கத்துவதில்லை.